திரையில் அரசர்: சரித்திரப் படங்கள் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

சரித்திரப் படம் ஒன்று வெளியாகும்போதெல்லாம், அதில் வரும் அரசர் உண்மையில் அப்படித்தான் இருந்தாரா என்ற கேள்வியும் கூடவே எழுகிறது. படம் திரையரங்கை விட்டுப் போன பிறகும் அந்தக் கேள்வி ஓய்வதில்லை. சோழர்களையும் பாளையக்காரர்களையும் காட்டிய தமிழ்ப் படங்களை முன்வைத்து, அவ்வாறு கேட்கப்படுபவற்றுள் முக்கியமான சிலவற்றுக்கு இங்கே விடை தரப்படுகிறது.

ராஜா ராணி படமும் சரித்திரப் படமும் ஒன்றுதானே?

அல்ல, ஆனால் கொட்டகையில் உட்கார்ந்து பார்த்தவர்கள் இரண்டையும் ஒன்றாகவே எண்ணிப் பழகிவிட்டார்கள். ‘சந்திரலேகா’ (1948), ‘நாடோடி மன்னன்’ (1958) போன்ற படங்களின் நாடுகள் எந்த வரைபடத்திலும் இல்லாதவை. அங்கே அரசர் எதை உடுத்தினாலும் எதைப் பேசினாலும் கேட்பதற்கு ஆளில்லை. ‘வீரபாண்டிய கட்டபொம்மன்’, மருது சகோதரர்களைப் பற்றிய ‘சிவகங்கைச் சீமை’ (இரண்டும் 1959), ‘ராஜராஜ சோழன்’ (1973) ஆகியவை வாழ்ந்து மறைந்தவர்களின் பெயரைத் தாங்கியவை. மூன்றாவதாக ஒரு வகை உண்டு. அகிலனின் ‘கயல்விழி’ நாவலிலிருந்து ‘மதுரை மீட்ட சுந்தரபாண்டியன்’ (1978) வந்தது; 1950 முதல் 1954 வரை கல்கி தொடராக எழுதிய ‘பொன்னியின் செல்வன்’ 2022இலும் 2023இலும் இரு பாகங்களாகத் திரைக்கு வந்தது. இவ்வகைப் படங்களில் வரலாறு முதலில் நாவலாசிரியரின் கையில் ஒரு முறை உருமாறி, பிறகு இயக்குநரின் கையில் இன்னொரு முறை உருமாறுகிறது. ஆகவே குறை சொல்வதற்கு முன், அந்தக் குறை கல்கியைச் சேர்ந்ததா, மணிரத்னத்தைச் சேர்ந்ததா என்று பிரித்துப் பார்ப்பது நியாயம். பெரும்பாலான சண்டைகள் இதைச் செய்யாததால்தான் நீள்கின்றன.

திரையில் நாம் காணும் அரசர் எங்கிருந்து வந்தவர்?

கல்வெட்டிலிருந்து வந்தவர் அல்லர். நாடகக் கொட்டகையிலிருந்து வந்தவர். கம்பெனி நாடகங்களில் ‘ராஜபார்ட்’ என்பது ஒரு பாத்திரத்தின் பெயர் மட்டுமன்று, ஒரு நடிகரின் தகுதியும் அதுவே. ஸ்திரீபார்ட், பபூன், கள்ளபார்ட் என்று ஆட்களைப் பிரித்த அந்த ஏற்பாட்டில் ராஜபார்ட்டுக்கே முதலிடம். ஒலிபெருக்கி இல்லாத காலத்தில் கடைசி வரிசைத் தரை டிக்கெட்காரருக்கும் கேட்கும்படி அவர் பேச வேண்டியிருந்தது. அதனால் மார்பை நிமிர்த்தி, முகத்தைச் சபையை நோக்கித் திருப்பி, ஒவ்வொரு சொல்லையும் முழுமையாக உச்சரித்தார். பெட்ரோமாக்ஸ் வெளிச்சத்தில் தூரத்திலிருந்தும் மின்ன வேண்டும் என்பதற்காகவே வெல்வெட் அங்கியும் ஜரிகையும் கண்ணாடிச் சில்லும் உடையில் ஏறின. அதற்கும் முன்னரே தெருக்கூத்தில் அரசன் என்றால் கிரீடம், புஜகீர்த்தி, மார்புப் பதக்கம் என்ற மரபு வேரூன்றியிருந்தது.

சினிமா வந்தபோது காமிரா நடிகரின் முகத்துக்கு ஒரு முழம் அருகே போய்விட்டது. ஆனால் ராஜபார்ட் தூரத்துக்கென்று செய்துகொண்ட உடையையும் குரலையும் விடவில்லை. எம்.ஜி.ஆரும் சிவாஜி கணேசனும் சிறு வயதிலேயே நாடகக் கம்பெனிகளில் வளர்ந்தவர்கள். சிவாஜி என்ற பெயரே, அண்ணாவின் நாடகத்தில் மராட்டிய மன்னர் வேடமேற்றதற்காகப் பெரியார் சூட்டியது. ‘வீரபாண்டிய கட்டபொம்மன்’ படமாவதற்கு முன் மேடையில் வெற்றி பெற்ற நாடகம். ‘ராஜராஜ சோழன்’ படமும் அரு. ராமநாதன் எழுதி டி.கே.எஸ். சகோதரர்கள் நடத்திய நாடகத்திலிருந்து பிறந்ததே. இந்த மரபு நமக்கு எவ்வளவு பழகிப்போனது என்பதற்கு, 2006இல் வடிவேலு நடித்த ‘இம்சை அரசன் 23ம் புலிகேசி’ நல்ல சாட்சி. ராஜபார்ட்டை மனப்பாடமாக அறிந்த கூட்டத்தால்தான் அந்தக் கேலிக்குச் சிரிக்க முடியும்.

சோழ அரசர் உண்மையில் எப்படி உடுத்தியிருப்பார்?

நமக்குக் கிடைத்துள்ள மிக நெருங்கிய சான்று தஞ்சைப் பெரிய கோயிலிலேயே இருக்கிறது. கருவறையைச் சுற்றியுள்ள உட்சுற்றில், நாயக்கர் கால ஓவியங்களுக்கு அடியில் மறைந்திருந்த சோழர் கால ஓவியங்களை 1931இல் எஸ்.கே. கோவிந்தசாமி கண்டறிந்தார். அங்கே ஒரு முதியவருக்குப் பின்னால் இளையவர் ஒருவர் நிற்கும் ஓவியம் உண்டு. அவர்களை ராஜராஜனின் குருவாகக் கூறப்படும் கருவூர்த் தேவரும் ராஜராஜனும் என்று சொல்லும் வழக்கம் நிலைத்துவிட்டது. அந்த அடையாளத்தை ஏற்காத அறிஞர்களும் இருக்கிறார்கள். யாராயினும் ஆகட்டும், அந்த ஓவியங்களில் உள்ள ஆண்களின் மேலுடல் பெரும்பாலும் திறந்திருக்கிறது. தலைமுடி கொண்டையாக முடியப்பட்டிருக்கிறது. இடையில் மெல்லிய துணி. கழுத்திலும் கையிலும் நகை. முழங்கால் வரை தொங்கும் அங்கியும் தோளிலிருந்து தரையில் புரளும் போர்வையும் அங்கே இல்லை. கோயில் சிற்பங்களில் போர் செய்யும் வீரர்களும் பெரும்பாலும் மார்புக் கவசமின்றி வாளும் கேடயமுமாகவே நிற்கிறார்கள். தஞ்சாவூர் வெயிலை ஒரு சித்திரை மாதம் அனுபவித்தவர்களுக்கு இது வியப்பளிக்காது.

நகை விஷயத்தில் மட்டும் சினிமா மிகைப்படுத்துவதாக நான் நினைக்கவில்லை. உண்மையில் கற்பனைதான் பின்தங்குகிறது. பெரிய கோயிலின் தெய்வத் திருமேனிகளுக்குக் கொடுக்கப்பட்ட அணிகலன்களைக் கல்வெட்டு ஒவ்வொன்றாக நிறுத்துக் கணக்குச் சொல்கிறது: ஏகவல்லி, வடுகவாளி, பாசமாலை, ஸ்ரீசந்தம், திருப்பட்டிகை, திருக்கைக்காறை. எடை கழஞ்சு, மஞ்சாடி, குன்றி என்ற பழைய சிறு அளவுகள் வரை பிரிகிறது. முத்துகளையே வட்டம், அனுவட்டம், ஒப்புமுத்து, குறுமுத்து, கறடு, இரட்டை, சப்பத்தி, குளிர்ந்த நீர், சிவந்த நீர் என்று தரம் பிரித்திருக்கிறார்கள். உருண்டை குறைந்த முத்தையும் நிறம் சிவந்த முத்தையும் மறைக்காமல் எழுதி வைத்த நாட்டில், திரைப்பட அரசரின் மாலையில் எல்லா முத்தும் ஒரே அளவில் இருப்பதுதான் உறுத்துகிறது.

அரண்மனைகள்?

சோழர் அரண்மனை எதுவும் இன்று நிற்கவில்லை. கங்கைகொண்டசோழபுரத்தை அடுத்த மாளிகைமேட்டில் நடந்த அகழாய்வுகளில் செங்கல் அடித்தளங்களும் கூரை ஓடுகளும் இரும்பு ஆணிகளும் கிடைத்தன. செங்கல்லும் மரமும் ஓடும் கொண்டு எழுப்பப்பட்ட மாளிகைகள் என்று அவற்றிலிருந்து ஊகிக்கலாம். கல்லை அவர்கள் கடவுளுக்கென்று ஒதுக்கிவிட்டார்கள். படக்குழுவினருக்கோ நிற்கும் கட்டடம் வேண்டும். ‘பொன்னியின் செல்வன்’ படப்பிடிப்பு மத்தியப் பிரதேசத்தின் ஓர்ச்சாவிலும் நடந்தது; அங்குள்ள கோட்டையும் மாளிகைகளும் பத்தாம் நூற்றாண்டுக்கு ஐந்நூறு ஆண்டுகளுக்கு மேல் பிற்பட்டவை. திரையில் குவிமாடமும் வளைவுகளும் தெரிந்தால் அது சோழநாடு அன்று என்று கொள்ளலாம்.

படங்களில் அரசர்கள் பேசும் தமிழ் அக்காலத் தமிழா?

அது இருபதாம் நூற்றாண்டின் மேடைத் தமிழ். ‘அம்பிகாபதி’ (1937) காலத்தில் இளங்கோவன் தொடங்கி வைத்த செந்தமிழ் வசனம், பின்னர் திராவிட இயக்க எழுத்தாளர்களின் கையில் அடுக்குமொழியாகி, அரசர் என்றால் எதுகை மோனையோடு பேசுபவர் என்ற எண்ணத்தை உறுதிப்படுத்தியது. அதன் அழகை மறுப்பதற்கில்லை. ஆனால் ராஜராஜனே சொன்னதாகக் கல்லில் இருக்கும் வாக்கியத்தைப் படித்தால் வேறொரு குரல் கேட்கிறது. பெரிய கோயிலின் விமானத்தில் வெட்டப்பட்ட ஆணை இது: “நாம் குடுத்தனவும், நம் அக்கன் குடுத்தனவும், நம் பெண்டுகள் குடுத்தனவும், மற்றும் குடுத்தார் குடுத்தனவும் ஸ்ரீவிமானத்தில் கல்லிலே வெட்டுக.”

இதில் ‘கொடுத்தன’ என்பதன் இடத்தில் ‘குடுத்தன’ என்று இருப்பதைக் கவனிக்க வேண்டும். இன்று நாம் வீட்டில் பேசும் சொல்லேதான். எந்த வசனகர்த்தாவும் ஒரு சக்கரவர்த்தியின் வாயில் அதை வைக்கத் துணியமாட்டார். இன்னொன்று, அரசர் தம்மை ‘நாம்’ என்கிறார்; திரையில் அவர் பெரும்பாலும் ‘நான்’ என்று முழங்குகிறார். அவரைக் குடிகளும் அதிகாரிகளும் குறிப்பிட்டது ‘உடையார்’ என்றும் ‘தேவர்’ என்றும் ‘பெரிய பெருமாள்’ என்றும். ‘மன்னா!’ என்ற விளி நம் செவிக்கு ஏறியது நாடகத்தால்.

கட்டபொம்மன் மன்னரா? படம் காட்டியது எவ்வளவு உண்மை?

பாஞ்சாலங்குறிச்சியின் பாளையக்காரர் என்பதே சரியான பெயர். அரண்மனையும் படையும் இருந்தன. ஆனால் முடியுடை வேந்தருக்குரிய விரிந்த அரசு இல்லை. பி.ஆர். பந்துலு இயக்கிய படம் அவருக்கு ஒரு பேரரசருக்குரிய சபையையும் தோரணையையும் அளித்தது.

1798இல் கலெக்டர் ஜாக்சன் அவரை வரச் சொல்லிவிட்டு, ஊர் ஊராக அலைக்கழித்து, கடைசியில் இராமநாதபுரத்தில்தான் பேட்டி தந்தார். அங்கே அவர் உட்கார இடம் தரப்படாமல் நிற்க வைக்கப்பட்டார். கைகலப்பு மூண்டு, வெளியேறும்போது லெப்டினன்ட் கிளார்க் கொல்லப்பட்டார். படத்தில் இந்தச் சந்திப்பு வரியைப் பற்றிய சொற்போராக மாறி, தமிழகம் முழுவதும் பள்ளி ஆண்டு விழா மேடைகளில் மீசை வரைந்த சிறுவர்களால் ஒப்பிக்கப்படும் வசனமாயிற்று. சொல்லால் வென்ற அரசரை நாம் நினைவில் வைத்துக்கொண்டோம். மணிக்கணக்கில் நின்றுகொண்டிருந்த மனிதர் மறந்துபோனார். எனக்கு அந்த நின்றுகொண்டிருந்த நேரம்தான் படமாக்கத் தக்கது என்று தோன்றுகிறது.

ஆனால் ஓரிடத்தில் படத்தின் மிடுக்கு ஆவணத்தோடு ஒத்துப்போகிறது. 1799 அக்டோபர் 16 அன்று கயத்தாற்றில் அவரைத் தூக்கிலிட்ட மேஜர் பானர்மன் எழுதிய கடிதத்தில், விசாரணையின்போது அவர் அஞ்சாமல் நின்றதும், எட்டயபுரம், சிவகிரிப் பாளையக்காரர்களை இகழ்ச்சியோடு நோக்கியதும், தூக்குமரத்தை நோக்கி உறுதியோடு நடந்ததும் பதிவாகியுள்ளன. வாய்பேச முடியாத தம் தம்பி ஊமைத்துரையைப் பற்றி மட்டும் கவலை தெரிவித்தாராம். கோட்டையை விட்டு வெளியேறியிருக்கக் கூடாது, அதைக் காத்தே இறந்திருக்கலாம் என்று மரத்தடியில் வருந்தினாராம். பகைவரே எழுதிய சாட்சியம் என்பதால் இதற்கு மதிப்பு அதிகம்.

ஆதித்த கரிகாலனைக் கொன்றது யார்? படத்தை நம்பலாமா?

‘பொன்னியின் செல்வன்’ கதையில், ராஜராஜனின் அண்ணன் ஆதித்த கரிகாலனின் கொலைக்குச் சூழ்ச்சி செய்யும் நந்தினி கல்கியின் படைப்பு. வரலாற்றில் அப்படி ஒருவர் இல்லை. கொலை நடந்தது மட்டும் உண்மை. காட்டுமன்னார்கோவிலை அடுத்த உடையார்குடிக் கோயிலில் உள்ள, ராஜராஜனின் இரண்டாம் ஆட்சியாண்டுக் கல்வெட்டு, ‘பாண்டியன் தலைகொண்ட கரிகாலச் சோழனை’க் கொன்ற துரோகிகளாகச் சோமன், ரவிதாசனான பஞ்சவன் பிரம்மாதிராஜன், பரமேஸ்வரனான இருமுடிச்சோழ பிரம்மாதிராஜன் ஆகியோரைக் குறிப்பிடுகிறது. அவர்களுடைய உடைமைகளையும் உறவினர்களின் உடைமைகளையும் கைப்பற்றி விற்பது பற்றிய ஆணையே அதன் பொருள். கொலைக்கான காரணத்தை அது சொல்லவில்லை. நாவலில் பாண்டியனின் ஆபத்துதவியாக, அதாவது மெய்க்காவலனாக, வரும் ரவிதாசன், கல்வெட்டில் அந்தண அதிகாரிகளுக்கு உரிய பட்டம் தாங்கியவராக இருக்கிறார். இடைப்பட்ட காலத்தில் ஆண்ட உத்தம சோழனுக்கு இதில் பங்குண்டு என்று வரலாற்றறிஞர் நீலகண்ட சாஸ்திரியார் ஐயுற்றார், பிறர் மறுத்தனர். ஒரு கல்வெட்டு விட்டுச் சென்ற வெற்றிடத்தில்தான் கல்கி ஐந்து பாகங்களைக் கட்டினார். இதில் தவறு காண நான் முயலமாட்டேன்.

அரசியரைப் படங்கள் எப்படிக் காட்டுகின்றன?

காதலிக்கும் இளவரசி, சூழ்ச்சி செய்யும் அழகி, கண்ணீர் விடும் தாய் என்ற மூன்று அச்சுகளில் பெரும்பாலானவை அடங்கிவிடும். மேலே சொன்ன ஆணையில் தமக்கு அடுத்தபடியாக ராஜராஜன் குறிப்பிடுவது மனைவியரை அன்று, அக்கனை, அதாவது தமக்கையை. அந்தக் குந்தவையாரைக் கல்வெட்டு ‘வல்லவரையர் வந்தியத்தேவர் மகாதேவியார்’ என்கிறது. நாவல் வாசகர்களுக்கு இது மகிழ்ச்சி தரும் செய்தி. ராஜராஜனுக்கு மனைவியர் பலர் என்பதும் கல்வெட்டுகளிலிருந்தே தெரியும். அவர்களுள் ஒருவரான பஞ்சவன்மாதேவிக்கு, தம் வயிற்றில் பிறக்காத ராஜேந்திரன் பழையாறைப் பகுதியில் இறந்தவர் நினைவாக எழுப்பும் பள்ளிப்படைக் கோயில் எடுத்தான். மாற்றாந்தாய்க்கு மகன் எடுத்த கோயில் என்பது எந்தத் திரைக்கதைக்கும் பொன் போன்ற பொருள். ஆனால் கதாநாயகனுக்கு ஒரு கதாநாயகி என்ற கணக்கில் அதற்கு இடம் இருக்காது. செம்பியன் மாதேவியோ, கணவர் கண்டராதித்தர் மறைந்த பின் பல பத்தாண்டுகள் செங்கல் கோயில்களைக் கற்றளிகளாக, அதாவது கற்கோயில்களாக, மாற்றிக்கொண்டிருந்தவர். கைம்பெண் ஒருவர் தச்சர்களோடு கற்பணி பார்த்து நிற்கும் காட்சியை நான் இன்னும் பார்க்கவில்லை.

ராஜராஜன் இந்து மன்னரா என்ற சர்ச்சை எதனால் எழுந்தது?

2022இல் ‘பொன்னியின் செல்வன்’ முதல் பாகம் வெளியானதை ஒட்டி இந்த வாதம் பெரிதாயிற்று. அவர் சிவபாதசேகரன் என்று பட்டம் தாங்கிய சைவர், அதில் ஐயமில்லை. நாகப்பட்டினத்துச் சூடாமணி விகாரம் என்ற பௌத்தப் பள்ளிக்கு ஆனைமங்கலம் என்ற ஊரைக் கொடுத்தவரும் அவரே. இரண்டையும் ஒரே மனிதர் செய்தார் என்பதை ஏற்பதில்தான் இந்து மன்னர் என்போருக்கும் அல்லர் என்போருக்கும் சங்கடம்.

ஒரே அரசர் எல்லா ஊர்களிலும் ஒரே மாதிரி நினைவுகூரப்படுகிறாரா?

இல்லை. தமிழ்ப் படங்களில் கடல் கடந்த வெற்றி என்று கொடி பறக்கும் நிகழ்ச்சி, இலங்கையின் பழைய வரலாற்று நூலான ‘சூளவம்ச’த்தில் அநுராதபுரத்து விகாரைகள் கொள்ளையிடப்பட்ட கதையாக இருக்கிறது. இலங்கை மன்னன் ஐந்தாம் மகிந்தன் முடியோடும் ஆபரணங்களோடும் பிடிபட்டு, சோழநாட்டிலேயே சிறையிருந்து மாண்டான். கருநாடகத்துத் தார்வாடு பகுதியிலுள்ள ஹொட்டூரில் 1007ஆம் ஆண்டைச் சேர்ந்த சாளுக்கியக் கல்வெட்டு, ஒன்பது லட்சம் பேர் கொண்ட சோழப்படை நாட்டைச் சூறையாடிப் பெண்களையும் குழந்தைகளையும் கொன்றதாகக் குற்றஞ்சாட்டுகிறது. எண்ணிக்கையில் மிகை இருக்கலாம். அலறல் மிகை என்று சொல்ல முடியாது. நம் பக்கத்தில், கல்வெட்டின் தொடக்கத்தில் அரசர் புகழ் பாடும் மெய்க்கீர்த்திகள் இவற்றையே வெற்றிப் பட்டியலாகப் பாடுகின்றன. சொல்லப்போனால், தன்னைப் பற்றித் தானே விளம்பரம் செய்துகொண்ட முதல் சோழர் படம் மெய்க்கீர்த்திதான். ராஜராஜன் எட்டாம் ஆட்சியாண்டிலிருந்து அதைத் தம் கல்வெட்டுகளின் தலைப்பில் வைத்தார்.

இந்த வகையில் செல்வராகவனின் ‘ஆயிரத்தில் ஒருவன்’ (2010) தனித்து நிற்கிறது. நாடிழந்து, பசித்து, மறைந்து வாழும் ஒரு சோழ அரசரைப் பார்த்திபன் அதில் காட்டினார். கதை முழுக் கற்பனை. ஆனாலும் தோற்றவர் பக்கத்தில் காமிராவை வைக்க முடியும் என்பதை அது காட்டியது.

‘இது கற்பனை’ என்று தொடக்கத்தில் போட்டுவிட்டால் போதாதா?

சட்டத்துக்குப் போதலாம். பார்ப்பவர் மனத்துக்குப் போதாது. கட்டபொம்மன் என்றதும் நம் கண்முன் வருவது சிவாஜி கணேசனின் முகம். அவர் தாமே 1970இல் கயத்தாற்றில் கட்டபொம்மனுக்குச் சிலை எழுப்பினார். அந்த முகத்தை எந்த அறிவிப்பாலும் அழிக்க முடியாது.

சண்டையும் வசனமும் இல்லாமல் ஓர் அரசரைத் திரையில் காட்ட முடியுமா?

முடியும் என்றே நம்புகிறேன். சோழ அரசரைப் பற்றிக் கல்வெட்டுகள் தரும் செய்திகளில் பெரும்பகுதி அவர் ஆண்டதைப் பற்றியது: நிலம், வரி, நீர், நெய், விளக்கு, ஆடு. படங்களில் இல்லாதது இந்த ஆட்சிதான். அங்கே அரசர் போருக்குப் போகிறார், திரும்பி வருகிறார், சபையில் பேசுகிறார், வேலை மட்டும் செய்வதில்லை.

கல்லிலே வெட்டுக என்ற ஆணையை ராஜராஜன் எங்கிருந்து பிறப்பித்தார் என்று பாருங்கள். அரியணையிலிருந்து அன்று. தஞ்சாவூர் அரண்மனையில் இருமடிசோழன் என்ற பகுதியின் கீழைத் திருமஞ்சனசாலையில், அதாவது குளிக்கும் மண்டபத்தில், தானம் செய்தபடி இருந்தபோது சொன்னார். அரசர் வாயால் சொல்வது திருவாய்க்கேள்வி. திருமந்திர ஓலை எழுதுபவர் அதை எழுதிக்கொள்வார். ஓலைநாயகம் என்ற அதிகாரி ஒப்பிட்டுப் பார்ப்பார். பிறகு அது வரிப்பொத்தகம் என்ற வரிக்கணக்கு ஏட்டில் ஏறும். ஒரு வாக்கியம் வாயிலிருந்து ஏட்டுக்குப் போவதற்குள் எத்தனை கைகள் மாறுகின்றன என்பதே ஒரு நல்ல காட்சி.

ஆனைமங்கலம் கொடை இன்னும் சிறந்தது. ஹாலந்தின் லெய்டன் நகருக்குப் போய்ச் சேர்ந்ததால் லெய்டன் செப்பேடு என்று பெயர் பெற்ற 21 ஏடுகளில் அது விரிவாக இருக்கிறது. 97 வேலிக்கு மேற்பட்ட நிலம்; அதிலிருந்து ஆண்டுக்கு வர வேண்டிய நெல் 8,943 கலத்துக்கும் மேல், தூணி குறுணி நாழி வரை கணக்கிட்டு. ஆணை நாட்டாரிடம், அதாவது அப்பகுதிச் சபையாரிடம், வந்து சேர்ந்ததும் ஊர் எல்லையை அளக்க ஒரு பெண் யானையைக் கொண்டுவந்தார்கள். அது முன்னே நடக்க, பின்னால் நாட்டாரும் அதிகாரிகளும் எழுத்தர்களும் வந்தார்கள். எந்த வாய்க்காலுக்குக் கிழக்கு, எந்த ஊர் வயலுக்கு வடக்கு என்று ஒருவர் உரக்கச் சொல்ல, மற்றவர் ஓலையில் கீறினார். பிடி சுற்றி வந்த வழியெங்கும் கல்லும் கள்ளியும் நட்டார்கள்.